கவுன்சிலர் இல்லாத சென்னையை ஆராய எது சரியான வழி: செய்தித்தாளா, ஆவணக் காப்பகமா, தகவல் உரிமை மனுவா, வார்டா?

சென்னை மாநகராட்சியின் முந்தைய மாமன்றத்துக்கு 2016 அக்டோபரில் பதவிக்காலம் முடிந்தது. அந்த மாதமே நடக்கவேண்டியிருந்த உள்ளாட்சித் தேர்தலின் அறிவிப்பைச் சென்னை உயர் நீதிமன்றம் ரத்து செய்தது. பழங்குடியினருக்கான இட ஒதுக்கீடு முறையாகச் செய்யப்படவில்லை என்று தொடுக்கப்பட்ட வழக்கு அது. அப்புறம் தேர்தல் தள்ளிப்போய்க்கொண்டே இருந்து, 2022 பிப்ரவரி 19 அன்றுதான் வாக்குப்பதிவு நடந்தது. இடையில் ஐந்து ஆண்டுக்கும் மேல் 200 வார்டுகளில் ஒன்றில்கூடக் கவுன்சிலர் கிடையாது. தனி அலுவலரின் பொறுப்பில் மாநகராட்சி நடந்தது. வர்தா புயல், 2019 தண்ணீர்ப் பஞ்சம், கொரோனா, 2021 நவம்பர் வெள்ளம் எல்லாமே அந்த இடைவெளிக்குள் வந்துபோனவை.

தெருவிளக்கு எரியவில்லை, சாக்கடை வழிகிறது என்றால் கவுன்சிலரைத் தேடிப் போவது இந்த ஊரின் பழக்கம். கவுன்சிலரே இல்லாதபோது மக்கள் யாரிடம் போனார்கள்? பத்திரிகைக்கா, மாநகராட்சியின் புகார்த் தொலைபேசியான 1913 எண்ணுக்கா, எம்எல்ஏ அலுவலகத்துக்கா, வட்டச் செயலாளர் வீட்டுக்கா? போனதால் வேலை நடந்ததா? அரசும் ஊடகமும் குடிமக்களும் ஒரே இடத்தில் மோதும் கேள்வி இது. இதழியல், அரசியல் அறிவியல், பொது நிர்வாகம் படிக்கிறவர்களுக்கு இதைவிட நல்ல ஆய்வுத் தலைப்பு சென்னைக்குள் சுலபத்தில் கிடைக்காது என்று நினைக்கிறேன்.

தலைப்பு பிடித்துப்போன பிறகுதான் சிக்கல் ஆரம்பிக்கிறது. இதை எதைக் கொண்டு ஆராய்வது? நான்கு வழிகள் உண்டு. நான்கும் நான்கு விதமான பதிலைத் தரும். என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: மாணவர்கள் பெரும்பாலும் செய்தித்தாளில் தொடங்கி அங்கேயே முடித்துவிடுகிறார்கள். மாநகராட்சியின் சொந்தக் காகிதங்களில்தான் தொடங்கவேண்டும். செய்தித்தாள் அதற்குத் துணையாக வரட்டும்.

கையில் எவ்வளவு நேரம் இருக்கிறது என்று பார்க்காமல் வழியைத் தேர்ந்தெடுக்கவும் முடியாது. பல்கலைக்கழக மானியக் குழு 2022-இல் கொண்டுவந்த விதிமுறைகள் எம்.ஃபில். படிப்பை நிறுத்திவிட்டன. முதுகலை முடித்த ஒருவர் ஓராண்டுக்கு மேல் எடுத்துக்கொண்டு ஒரு சின்னக் கேள்வியை நிதானமாகப் பார்க்க அந்தப் படிப்பு இடம் கொடுத்தது. இப்போது இருப்பவை இரண்டு: ஒரு பருவத்துக்குள் முடிக்கவேண்டிய முதுகலை ஆய்வேடு, அல்லது குறைந்தது மூன்றாண்டு பிடிக்கும் முனைவர் பட்டம். கையில் ஐந்தாறு மாதம் மட்டுமே உள்ளவரை மனதில் வைத்துத்தான் இங்கே பெரும்பாலும் பேசுகிறேன்.

செய்தித்தாள்

இதைத் தேர்ந்தெடுக்கக் காரணம் புரிகிறது. யாரிடமும் அனுமதி கேட்டு நிற்கவேண்டாம். எழும்பூரில் 1896 முதல் இயங்கும் கன்னிமாரா நூலகம், நாட்டில் அச்சாகும் நூல்களும் நாளிதழ்களும் சட்டப்படி வந்துசேரவேண்டிய நூலகங்களில் ஒன்று. அங்கே உட்கார்ந்து சென்னைப் பதிப்பின் உள்ளூர்ப் பக்கங்களைப் புரட்டலாம். எந்தப் பகுதி, என்ன புகார், செய்தியில் பேசுபவர் யார், அதிகாரி பதில் சொன்னாரா என்று வகைபிரித்து எண்ணலாம். உழைப்பு அதிகம், செலவு குறைவு.

எண்ணிப் பார்ப்பதை நான் குறைத்துச் சொல்லவில்லை. மேக்ஸ்வெல் மெக்கோம்ப்ஸ், டொனால்ட் ஷா இருவரும் 1968 அமெரிக்க அதிபர் தேர்தலின்போது சேப்பல் ஹில் என்ற சிறு நகரில் 100 வாக்காளர்களிடம் பேசினார்கள். எந்தப் பிரச்சினை முக்கியம் என்று அவர்கள் சொன்னதையும் ஊடகங்கள் எதற்கு அதிக இடம் கொடுத்தன என்பதையும் ஒப்பிட்டார்கள். 1972-இல் வெளிவந்த அந்தக் கட்டுரை ஊடக ஆய்வின் போக்கையே மாற்றியது. கவனிக்கவேண்டியது, அவர்கள் செய்தியை மட்டும் எண்ணவில்லை, வாக்காளரையும் கேட்டார்கள். நம் ஆய்வேடுகளில் அந்த இரண்டாம் பாதிதான் விடுபட்டுப்போகிறது.

இந்தியாவிலிருந்தே இதற்கு வலுவான சான்று உண்டு. பொருளியலாளர்கள் டிமோதி பெஸ்லி, ராபின் பர்ஜெஸ் இருவரும் 1958 முதல் 1992 வரை 16 பெரிய மாநிலங்களின் தரவை எடுத்து ஆராய்ந்தார்கள். வெள்ளமோ பயிர்ச்சேதமோ வந்தபோது, நாளிதழ் விற்பனை அதிகமுள்ள மாநிலங்களில் அரசு கூடுதலாக நிவாரணமும் ரேஷன் தானியமும் கொடுத்தது என்று 2002-இல் காட்டினார்கள். அதிலும் அந்தந்த மாநில மொழி இதழ்களுக்குத்தான் அந்த விளைவு தெரிந்தது, ஆங்கில, இந்தி இதழ்களுக்கு அல்ல. தமிழ் நாளிதழை எடுத்து ஆராய வேறு நியாயமே தேவையில்லை. ஆனால் அவர்கள் செய்தியையும் அரசின் செலவையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்ததால்தான் அந்த முடிவு கிடைத்தது. செய்தியை மட்டும் வைத்துக்கொண்டு அரசு அசைந்ததா என்று சொல்லவே முடியாது.

ஏன் முடியாது என்பதற்கு நம் நாளிதழ்களிலேயே நல்ல உதாரணம் இருக்கிறது. 'செய்தி எதிரொலி' என்று தலைப்பிட்டு, நாங்கள் படத்துடன் வெளியிட்டோம், மறுநாளே அதிகாரிகள் வந்து குழியை மூடினார்கள் என்று ஒரு பெட்டிச் செய்தி வரும். ஆய்வு செய்பவருக்கு இது புதையல் மாதிரித் தெரியும், ஏனென்றால் காரணமும் விளைவும் ஒரே பெட்டியில் கட்டி வைக்கப்பட்டிருக்கின்றன. ஆனால் வேலை நடந்தால்தான் அந்தப் பெட்டி வரும். செய்தி வந்தும் எதுவும் நடக்காத இடங்களுக்கு 'எதிரொலி இல்லை' என்று யாரும் பெட்டி போடுவதில்லை. ஆகவே எதிரொலிகளை மட்டும் எண்ணினால் பத்திரிகையின் பலம் எப்போதும் நூற்றுக்கு நூறாகத்தான் தெரியும். சரியான முறை, முதல் செய்தியிலிருந்து தொடங்குவது. ஓர் ஆண்டில் வந்த அத்தனை உள்ளூர்ப் புகார்ச் செய்திகளையும் பட்டியலிட்டு, அவற்றில் எத்தனைக்கு எதிரொலி வந்தது என்று பார்க்கவேண்டும். வராத இடங்களில் என்ன ஆனது என்பதை அறிய, செய்தித்தாளை விட்டு வெளியே போய்த்தான் ஆகவேண்டும்.

இன்னொரு பள்ளம், நம் கேள்விக்கே உரியது. கவுன்சிலர் இல்லாத காலம் முடிவதற்குப் பத்து மாதம் முன்பு, 2021 மே மாதத்தில், மாநிலத்தில் ஆட்சி மாறியது. முரசொலி, நமது அம்மா போன்ற கட்சி நாளிதழ்களை விட்டுவிடுங்கள், அவற்றின் நிலைப்பாடு வெளிப்படை. கட்சி இதழ் அல்லாத நாளிதழ்களிலும் உரிமையாளரின் சாய்வு உள்ளூர்ப் பக்கம் வரை இறங்கும். 2018-இல் குப்பை பற்றி வாரம் நான்கு செய்தி போட்ட இதழ் 2022-இல் ஒன்று போட்டால், கவுன்சிலர் வந்துவிட்டதால் குப்பை குறைந்தது என்று எழுதிவிடக் கூடாது. ஆட்சி மாறியதால் ஆர்வம் குறைந்திருக்கலாம். சாய்வு எதிரெதிராக உள்ள இரண்டு இதழ்களையாவது சேர்த்துப் படித்தால்தான் இதைப் பிரித்தறிய முடியும். வாசகர் புகார்களுக்கென்று தனிப் பத்தி நடத்தும் இதழ் என்றால், அந்தப் பத்தி எப்போது தொடங்கியது என்பதையும் பார்த்துக்கொள்ள வேண்டும். பத்தி பிறந்த மாதத்தில் புகார் பெருகியதுபோலத் தோன்றும்.

எந்தத் தெரு செய்தியாகிறது என்பது தனிக் கேள்வி. அடையாறு டைம்ஸ், மயிலாப்பூர் டைம்ஸ், அண்ணா நகர் டைம்ஸ், மாம்பலம் டைம்ஸ் போன்ற வட்டார வார இதழ்கள் சென்னையின் தனிச்சிறப்பு. நடைபாதை உடைந்தது, பூங்காப் பூட்டைத் திறக்கவில்லை என்பதுவரை எழுதிவைத்திருக்கிறார்கள். உள்ளூர் ஆய்வுக்கு அவை மிக நல்ல மூலம். ஆனால் அவை ஆங்கில இதழ்கள், தழைத்ததும் நடுத்தர வர்க்கப் பகுதிகளில். புளியந்தோப்பில் இடுப்பளவு தண்ணீர் நின்றதும் மாம்பலத்தில் கணுக்காலளவு நின்றதும் அச்சில் பெறும் இடம் அந்த விகிதத்தில் இருக்காது. இந்த ஏற்றத்தாழ்வையே ஆய்வின் பொருளாக எடுத்துக்கொண்டால், செய்தித்தாளை மட்டும் வைத்து ஒரு நேர்மையான ஆய்வேடு எழுதலாம். அதை முழு மனதோடு பரிந்துரைப்பேன்.

எழும்பூர் காப்பகமும் தரமணி நூலகமும்

2016-க்குப் பிந்தைய காலத்துக்கு ஆவணக் காப்பகம் உதவாது. அண்மைக் கோப்புகள் அந்தந்தத் துறையிலேயே இருக்கும். அப்படியானால் ஏன் இதை ஒப்பீட்டில் சேர்க்கிறேன்? சென்னை கவுன்சிலர் இல்லாமல் இருந்தது இது முதல் தடவை அல்ல. 1973-இல் மாமன்றம் கலைக்கப்பட்டது. 74-ஆவது அரசியல் சட்டத் திருத்தம் 1993-இல் நடைமுறைக்கு வந்து, உள்ளாட்சித் தேர்தலைத் தவிர்க்க முடியாத நிலை வந்த பிறகு, 1996-இல்தான் மறுபடி தேர்தல் நடந்தது. 23 ஆண்டுகள்! இந்தியாவிலேயே பழைய நகராட்சி அமைப்பு, 1688-இல் தொடங்கியது, கால் நூற்றாண்டு மக்கள் பிரதிநிதி இல்லாமல் இருந்திருக்கிறது. 2016 இடைவெளியை ஆராய வருகிறவர் இந்தப் பழைய இடைவெளியைப் பார்த்ததும் கொஞ்ச நேரமாவது தயங்கி நிற்கவேண்டும்.

எழும்பூரில் 1909-இல் கட்டப்பட்ட கட்டடத்தில் உள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகம் இதற்கான முதல் இடம். அரசாணைகள் துறைவாரியாக, ஆண்டுவாரியாக அங்கே இருக்கின்றன. உள்ளாட்சித் துறை அரசாணைகளின் அட்டவணையிலிருந்து எண்ணைப் பிடித்து, சீட்டு எழுதிக் கொடுத்துக் காத்திருக்கவேண்டும். வழிகாட்டிப் பேராசிரியரின் கடிதம் இல்லாமல் போகாதீர்கள். கேட்ட கட்டு வரலாம், கிடைக்கவில்லை என்ற பதிலும் வரலாம். அந்தப் பதில் வரும் நாட்களையும் கணக்கில் வைத்துத்தான் திட்டமிட வேண்டும்.

இன்னும் பின்னால் போகிறவர்களுக்கு அங்கே ஓர் அரிய பொருள் உண்டு. பிரிட்டிஷ் அரசு, தமிழ், தெலுங்கு முதலிய மொழி இதழ்களில் என்ன எழுதுகிறார்கள் என்பதை வாராவாரம் ஆங்கிலத்தில் சுருக்கி அதிகாரிகளுக்கு மட்டும் சுற்றுக்கு விட்டது. 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிலிருந்து பல பத்தாண்டுகளுக்கு அந்த அறிக்கைகள் தொடர்கின்றன. மூல இதழ் அழிந்துபோன இடத்திலும் அந்தச் சுருக்கம் மிஞ்சியிருக்கிறது. நகராட்சி வரி, குடிநீர், கொள்ளைநோய் பற்றி மக்கள் என்ன புகார் சொன்னார்கள் என்று அதில் தேடலாம். ஆனால் எதைச் சுருக்குவது, எதை விடுவது என்று முடிவெடுத்தவர் அரசு மொழிபெயர்ப்பாளர். அரசின் காதுக்கு எட்டியதைத்தான் நாம் படிக்கிறோம். மூல இதழின் பிரதி கிடைக்குமா என்று தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் பார்ப்பது அடுத்த வேலை. கோட்டையூர் ரோஜா முத்தையா செட்டியார் வாழ்நாளெல்லாம் சேர்த்த தொகுப்பை அடித்தளமாகக் கொண்டு 1994-இல் உருவான நூலகம் அது. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்திலும் பழைய பருவ இதழ்கள் பல இருக்கின்றன, வீட்டிலிருந்தே படிக்கலாம்.

ஐந்து மாதத்தில் இதைச் செய்ய முடியாது. முனைவர் பட்டத்துக்கு என்றால் 1973-1996 இடைவெளியைத்தான் எடுக்கச் சொல்வேன், 2016-ஐ அல்ல. கலைக்கப்படும் முன் கவுன்சிலராக இருந்தவர்கள், அந்தக் காலத்துப் பொறியாளர்கள், நிருபர்கள் இன்னும் சிலராவது நம்மிடையே இருக்கிறார்கள். இன்னும் பத்தாண்டு கழித்து அவர்களைக் கேட்க முடியாது.

பத்து ரூபாய் மனு

தகவல் அறியும் உரிமைக்கு இந்தியாவில் முதலில் சட்டம் இயற்றிய மாநிலம் தமிழ்நாடு, 1997-இல். நாடு முழுவதற்குமான சட்டம் 2005 அக்டோபர் 12 அன்று முழுமையாக நடைமுறைக்கு வந்தது. பத்து ரூபாய்க் கட்டணம், 30 நாளில் பதில் என்பது எல்லோருக்கும் தெரியும். இதை ஆய்வுக் கருவியாகப் பயன்படுத்தலாம் என்பதுதான் பலருக்குத் தோன்றுவதில்லை. சமூக ஆர்வலர்களின் ஆயுதம், நமக்கு எதற்கு என்று மாணவர்கள் ஒதுங்கிவிடுகிறார்கள். சில வழிகாட்டிகளும் தயங்குகிறார்கள். எனக்கு இது பெரிய வருத்தம். மாநகராட்சி தன்னைப் பற்றி எழுதிவைத்த எண்களைச் சட்டப்படி கேட்டு வாங்கும் வசதி, இந்தத் துறையில் முந்தைய தலைமுறை ஆய்வாளர்களுக்கு இல்லாதது.

நம் கேள்விக்கு இது எப்படிப் பயன்படும்? 1913 எண்ணுக்கு வந்த புகார்கள் மண்டலவாரியாக, மாதவாரியாக, வகைவாரியாக எத்தனை, பதிவான தேதிக்கும் முடித்ததாகக் குறித்த தேதிக்கும் இடைவெளி எவ்வளவு என்று 2014 முதல் 2024 வரை கிடைத்தால், கவுன்சிலர் இருந்த காலம், இல்லாத காலம், மறுபடி வந்த காலம் மூன்றையும் ஒரே கோட்டில் போட்டுப் பார்க்கலாம். வேறு எந்த வழியும் இதைத் தராது. முழுப் பத்தாண்டும் கிடைக்காமல் போகலாம், மூன்று மண்டலம் மட்டுமே பதில் தரலாம். அதுவும் போதும்.

கேட்கும் முறையில்தான் எல்லாம் இருக்கிறது. 'ஏன் வடிகால் தூர்வாரவில்லை?' என்று கேட்டால் பதில் வராது, ஏனென்றால் காரணம் சொல்லச் சட்டம் அதிகாரியைக் கட்டாயப்படுத்துவதில்லை. பதிவேட்டில் உள்ளதைத்தான் தரவேண்டும். 'இன்ன மண்டலத்தில் இன்ன நிதியாண்டில் தூர்வாரும் பணிக்கு வழங்கிய பணி ஆணைகளின் நகல்' என்று கேட்டால் பதில் சொல்லியாகவேண்டும். எல்லாவற்றையும் ஒரே மனுவில் அடுக்கி மாநகராட்சித் தலைமையகமான ரிப்பன் மாளிகைக்கு அனுப்பினால் அது எல்லா மண்டலங்களுக்கும் பிரிந்து போய், பாதி இடத்திலிருந்து 'எங்களிடம் இல்லை' என்று வரும். மண்டல அலுவலகத்துப் பொதுத் தகவல் அலுவலருக்கே நேரடியாக, ஒரு மனுவுக்கு ஒரு பொருள் என்று அனுப்புவது நல்லது. நகல் கேட்பதோடு கோப்பை நேரில் பார்க்கவும் சட்டத்தில் உரிமை உண்டு. பெரிய பதிவேடு என்றால் நேரில் பார்த்துக் குறிப்பெடுப்பதே வேகம்.

காலக் கணக்கு இப்படி: 30 நாளில் பதில் இல்லை என்றாலோ, பதில் அரைகுறை என்றாலோ, அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு. அதற்கு 30 முதல் 45 நாள். அதாவது மோசமான நிலையில் நான்கு மாதம் போய்விடும். மாநிலத் தகவல் ஆணையத்துக்கு இரண்டாம் மேல்முறையீடு போனால் உங்கள் பருவம் முடிந்திருக்கும். எனவே மனு போடவேண்டியது முதல் வாரத்தில், ஆய்வுத் திட்டம் துறையில் ஏற்கப்படும் முன்பேகூட. பதில் வராவிட்டாலும் அது ஒரு தரவுதான். எந்த மண்டலம் எத்தனை நாளில் பதில் சொன்னது, எது மறுத்தது, என்ன காரணம் சொல்லி மறுத்தது என்பதை அட்டவணையாக்கினால் குடிமக்களை நிர்வாகம் எப்படி நடத்துகிறது என்பதற்கு அதுவே ஒரு அத்தியாயம்.

ஓர் எச்சரிக்கை. 2023-இல் இயற்றப்பட்ட மின்னணு தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், தகவல் உரிமைச் சட்டத்தின் 8(1)(ஜெ) பிரிவைத் திருத்தியிருக்கிறது. பொது நலன் இருந்தால் தனிநபர் தகவலையும் தரலாம் என்று அந்தப் பிரிவுக்குள் இருந்த வாசகம் போய்விட்டது. புகார் கொடுத்தவர்களின் பெயர், கைபேசி எண் எதையும் கேட்கவேண்டாம். ஆய்வுக்கு அவை தேவையும் இல்லை, மறுப்பதற்கு ஒரு சாக்காகவும் ஆகிவிடும்.

மனுவே இல்லாமல் கிடைப்பவையும் உண்டு. கொசஸ்தலையாறு வடிநிலப் பகுதியில் மழைநீர் வடிகால் கட்ட ஆசிய வளர்ச்சி வங்கியும், கோவளம் வடிநிலத்தில் ஜெர்மனியின் கேஎஃப்டபிள்யூ வங்கியும் கடன் தருகின்றன. ஆசிய வளர்ச்சி வங்கி தன் திட்டங்களின் கண்காணிப்பு அறிக்கைகளை இணையத்திலேயே வைக்கிறது. 2015 வெள்ளம் பற்றி இந்தியத் தலைமைக் கணக்குத் தணிக்கையாளர் தந்த அறிக்கை 2018-இல் சட்டமன்றத்தில் வைக்கப்பட்டது. இவற்றை முதலில் படித்துவிட்டால் மனுவில் என்ன கேட்பது என்பது கூர்மையாகும்.

வார்டுக்குள் போவது

புகார்ப் பதிவேட்டில் 'முடிக்கப்பட்டது' என்று இருக்கும். தெருவில் தண்ணீர் நின்றுகொண்டிருக்கும். இந்த இடைவெளியை எந்தக் காகிதமும் சொல்லாது. அதற்கு வார்டுக்குள் போகவேண்டும்.

போனால் முதலில் தெரிவது, நாம் 'மாநகராட்சி' என்று எழுதுவது ஒற்றை ஆள் அல்ல என்பது. வார்டின் உதவிப் பொறியாளர், தூய்மைப் பணியாளர்களை மேற்பார்க்கும் சுகாதார ஆய்வாளர், தனி வாரியமான மெட்ரோ வாட்டரின் பணிமனை, மின்வாரிய அலுவலகம் என்று ஆளுக்கொரு பக்கம். மக்கள் கவுன்சிலரிடம் கொண்டுபோகும் புகாரில் பாதி, குடிநீரும் கழிவுநீரும், மாநகராட்சியின் கையிலேயே இல்லை. சென்னையின் குடிநீர்ப் பொறியாளர்களோடு நெடுநாள் இருந்து கேரன் கொயெலோ செய்த ஆய்வு இந்தக் கடைநிலை அலுவலகங்களைப் பார்க்கக் கற்றுக்கொடுக்கிறது. அரசு என்பது கோட்டையில் எடுக்கும் முடிவு மட்டும் அல்ல, பணிமனை வாசலில் ஒரு பெண்மணிக்குக் கிடைக்கும் பதிலும்தான்.

ஜான் ஹாரிஸ் 2000-களில் டெல்லி, பெங்களூரு, சென்னை நகரங்களைப் பற்றி எழுதியவையும் முக்கியம். குடியிருப்போர் நலச் சங்கம், தன்னார்வ அமைப்பு, நீதிமன்றம் இவையெல்லாம் பெரும்பாலும் நடுத்தர வர்க்கத்தின் வழிகள் என்றும், ஏழைகள் தங்கள் வேலையை முடித்துக்கொள்வது கட்சிக்காரர்கள் வழியாகத்தான் என்றும் அவர் காட்டினார். அப்படியானால் கவுன்சிலர் இல்லாத ஐந்தாண்டு இரண்டு பகுதிக்கும் ஒரே மாதிரி இருந்திருக்காது. சங்கம் உள்ள காலனி நேராக மண்டல அலுவலருக்கு எழுதியிருக்கும். குடிசைப் பகுதியில் முன்னாள் கவுன்சிலரும் வட்டச் செயலாளரும் தேர்தல் இல்லாமலேயே அந்த வேலையைத் தொடர்ந்திருக்கலாம். இதைச் சோதித்துப் பார்க்க ஒரு வார்டு போதும், அதில் ஒரு காலனியும் ஒரு குடிசைப் பகுதியும் இருக்கவேண்டும். முடிந்தால் பழைய நகரத்தில் ஒன்றும், 2011-இல் எல்லை 174 சதுர கிலோமீட்டரிலிருந்து 426 ஆக விரிந்தபோது சேர்ந்த பகுதியில் ஒன்றும் எடுங்கள். அம்பத்தூர், ஆலந்தூர் மக்களுக்குச் சொந்த நகராட்சி இருந்த நினைவு உண்டு. திருவல்லிக்கேணிக்காரருக்கு அந்த ஒப்பீடு கிடையாது.

இதில் பெரிய குறை நினைவுதான். 2018-இல் குப்பைக்கு யாரிடம் சொன்னீர்கள் என்று இன்று கேட்டால் யாருக்கும் ஞாபகம் இருக்காது. வர்தா புயலில் மரம் விழுந்தபோது யார் வந்து வெட்டினார்கள், 2019 கோடையில் லாரித் தண்ணீருக்கு யார் பெயர் எழுதினார்கள், ஊரடங்கில் யார் அரிசி கொடுத்தார்கள் என்று கேட்டால் ஆள் பெயரோடு சொல்வார்கள். இங்கேதான் செய்தித்தாள் உண்மையில் உதவுகிறது. அந்த நாள், அந்தத் தெரு பற்றிய செய்தியின் நகலைக் கையில் கொடுத்துப் பேசினால் உரையாடலே வேறு மாதிரிப் போகும்.

வார்டு எல்லைகள் 2011-க்கும் 2022-க்கும் இடையில் மாற்றி வரையப்பட்டன என்பதையும் மறக்கக்கூடாது. அதே எண்ணுள்ள வார்டு அதே தெருக்களைக் குறிக்காது. தெருப்பெயரைப் பிடித்துக்கொள்வதே பாதுகாப்பு. பேசுகிறவரின் பெயரும் அடையாளமும் ஆய்வேட்டில் வரக்கூடாது என்பதைத் தனியாகச் சொல்லவேண்டுமா? சொல்கிறேன். ஒப்பந்தத் தூய்மைப் பணியாளர் மனம்விட்டுப் பேசியதால் அவர் வேலைக்கு ஆபத்து வந்தால், அந்த ஆய்வு எழுதப்படாமல் இருப்பதே மேல்.

வேறு இரண்டு வழிகளையும் அடிக்கடி கேட்கிறேன். நண்பர்கள் வட்டத்தில் இணையப் படிவம் அனுப்பி 150 பேர் பதிலை வாங்கும் கணக்கெடுப்பு நம் கேள்விக்கு எதுவும் தராது. பதில் சொல்பவர்கள் எல்லாரும் உங்களைப் போன்றவர்கள். சமூக ஊடகப் பதிவுகளை மொத்தமாக இறக்கி எண்ணுவது சில ஆண்டுகளுக்கு முன் எளிதாக இருந்தது. ட்விட்டர் பதிவுகளை மொத்தமாக எடுக்கத் தந்திருந்த இலவச வசதியை 2023-இல் நிறுத்தியது, ஃபேஸ்புக் பதிவுகளை ஆராய உதவிய கிரௌட்டாங்கிள் 2024-இல் மூடப்பட்டது. அந்தக் கதவு ஏறக்குறைய சாத்தியாகிவிட்டது.

யாருக்கு எது

முதுகலை மாணவர், ஐந்து மாதம், சென்னையிலேயே வசிப்பவர் என்றால்: முதல் வாரம் மூன்று மண்டலங்களுக்கு மனு. பதிலுக்குக் காத்திருக்கும் இரண்டு மாதம் கன்னிமாராவில், ஆனால் ஐந்தாண்டையும் படிக்கவேண்டாம், ஒரு வார்டைப் பற்றிய செய்திகள் மட்டும். மூன்றாம் மாதம் அந்த வார்டில். எழுத ஒன்றரை மாதம். வெளியூரிலிருந்து வந்து விடுதியில் தங்கிப் படிப்பவர், வார்டில் யாரையும் தெரியாது என்றால், மனுவும் செய்தித்தாளும் போதும். அறிமுகம் இல்லாமல் இரண்டு வாரம் மட்டும் போய் நிற்பது உங்களுக்கும் மக்களுக்கும் பயனில்லை. வேலைக்குப் போய்க்கொண்டே படிப்பவருக்கு மனு மிகவும் பொருந்தும், தபாலில் நடக்கிற வேலை அது. அடுத்து எழும்பூருக்கு அலையாமல் மின்னூலகத்தில் கிடைப்பதைக் கொண்டு ஒரு சிறிய வரலாற்றுக் கேள்வியைத் தேர்ந்தெடுக்கலாம்.

நிருபராக இருந்துகொண்டே ஆய்வுக்கு வருகிறவர்களுக்கு வார்டு சுலபம், மாநகராட்சியில் ஆள் தெரியும். அவர்களுக்கு நான் சொல்வது நேர்மாறு: வார்டைக் கடைசியில் வையுங்கள். தெரிந்த ஆள் சொன்னது முதலில் மனதில் பதிந்துவிட்டால், பதிவேடு வேறு மாதிரிச் சொல்லும்போது பதிவேட்டைத்தான் சந்தேகிக்கத் தோன்றும்.

2022-இல் வந்த விதிகளால் வார்டு குழுக்களும் பகுதி சபைகளும் அமைக்கப்பட்டிருக்கின்றன. பகுதி சபைக் கூட்டம் பொதுமக்களுக்கானது. உங்கள் பகுதியில் நடக்கும்போது போய் உட்காருங்கள். பிறகு மனுவில் இவற்றைக் கேளுங்கள், ஒவ்வொன்றும் தனித் தாளில்: மண்டலத்துக்கு வந்த 1913 புகார்கள் வகைவாரியாகவும் மாதவாரியாகவும், பதிவு நாள், முடித்த நாளுடன்; குறிப்பிட்ட ஆண்டுகளில் மழைநீர் வடிகால் தூர்வார வழங்கிய பணி ஆணைகளின் நகல்; 2022-க்குப் பிறகு அந்த வார்டில் நடந்த பகுதி சபைக் கூட்டங்களின் தேதிகளும் நடவடிக்கைக் குறிப்புகளும்; செய்தித்தாள் செய்திகளின் பேரில் மண்டல அலுவலகம் எடுத்த நடவடிக்கைக்குப் பதிவேடு இருந்தால் அதன் நகல். கடைசியாகச் சொன்னதற்கு 'அப்படிப் பதிவேடு எதுவும் இல்லை' என்று எழுத்தில் பதில் வந்தால் அதைப் பத்திரமாக வைத்துக்கொள்ளுங்கள், எதிரொலிப் பெட்டிகளுக்குப் பக்கத்தில் வைத்துப் பேச அது தேவைப்படும்.